தெத்துப்பல் மார்க்குப் பொடி

நேசபாயின் மேல்வரிசையில், வலது பக்கம், கோரைப்பல்லின் மேல் ஏறி உட்கார்ந்தாற்போல ஒரு தெத்துப்பல் இருந்தது. தக்கலையில் ஒரு சர்க்கார் கச்சேரிக்கு ஏறக்குறைய ஒரு வருஷம் வேலை கொடுத்த பல் அதுதான். அவள் புருஷன் ராஜையன் இதை முதலில் நம்பவில்லை. ஆனால் அவன் எதையும் ஒரே தடவையில் நம்புகிறவனல்ல. கதவைப் பூட்டிவிட்டுப் பத்தடி நடந்து, திரும்பி வந்து பூட்டை இழுத்துப் பார்ப்பான். இழுத்துப் பார்த்தோமா என்று சந்தேகம் வந்து மறுபடியும் வருவான்.

அப்படிப்பட்ட ஆள் பற்பொடி செய்தால் பொடி நன்றாயிருக்கும். நாஞ்சில் நாட்டில் நெல் அவிக்கிற வீட்டிலெல்லாம் உமி உண்டு. உமி உள்ள வீட்டிலெல்லாம் உமிக்கரியும் உண்டு. இதைக் காசு கொடுத்து எவன் வாங்குவான் என்று ஊர் கேட்டது. வாங்க ஆள் இருந்தது. வாடகை வீட்டு வாத்தியார்கள், கச்சேரிக் குமாஸ்தாக்கள், பஸ் ஓட்டுகிறவர்கள் எல்லோருக்கும் பல் இருந்தது, உமி இல்லை. ராஜையன் கொட்டாரம் என்கிற ஊரிலிருந்து உமி கொண்டுவந்து எரிப்பான். அது சாம்பலாவதற்கு முன்னால், கரியாக நிற்கிற பதத்தில் தண்ணீர் தெளித்து அணைக்க வேண்டும். பிந்தினால் வெறும் சாம்பல். முந்தினால் ஈறில் குத்தும். உப்பும் நல்லமிளகும் கிராம்பும் சேர்த்து இடித்துச் சலிப்பான். சலித்தோமா என்று சந்தேகப்பட்டு இன்னொரு தரம் சலிப்பான்.

சந்தையில் விற்பது நேசபாய். பொடி எப்படி என்று யாராவது கேட்டால் அவள் பதில் சொல்ல மாட்டாள், சிரிப்பாள். கறுத்த பொடிக்குப் பின்னால் அந்த வெள்ளைப் பல் தெரியும். அதற்கு மேல் கேட்க ஒன்றுமில்லை. "தெத்துப்பல்லுக்காரிட்ட வாங்கு" என்று ஒருத்தர் இன்னொருத்தரிடம் சொல்லி வியாபாரம் வளர்ந்தது. பொடி மோசமானால் அடுத்த சந்தையில் அந்தப் பல்லைத் தேடி வந்து நாலு வார்த்தை கேட்கலாம் என்பது வாங்குகிறவர்களுக்கு ஒரு தைரியம். எத்தனை கூட்டத்திலும் அந்தப் பல்லால் ஒளிந்துகொள்ள முடியாது. ராஜையன் இரண்டாம் தரம் சலித்ததற்கு அந்தப் பயமும் ஒரு காரணம்.

நேசபாயால் ஒரே நாளில் இரண்டு சந்தையில் இருக்க முடியாது என்பதால், அவள் சிரிப்பைப் பொட்டலத்தின் மேல் அச்சாகப் போடலாம் என்று ராஜையனுக்குத் தோன்றியது. தேர்ச்சிற்பம் செதுக்குகிற மாதேவன் ஆசாரியிடம் போனான். ஆசாரி நேசபாயை வெயிலில் உட்காரவைத்துச் சிரிக்கச் சொல்லி, பலாக்கட்டையில் கண்ணால் கண்டதைக் கண்டபடி செதுக்கினார். ராஜையன் கட்டையில் மை தடவிக் காகிதத்தில் அமுக்கி எடுத்தான். அச்சு இடம் வலமாக மாறிவிட்டது. நேசபாய்க்கு வலது பக்கம் இருந்த பல், படத்தில் இருந்தவளுக்கு இடது பக்கம் போயிருந்தது.

"தேரில செதுக்கினா திரும்பாது, இது திரும்புது. நான் என்ன செய்ய?" என்றார் ஆசாரி.

ராஜையனுக்கு அன்று சோறு இறங்கவில்லை. கட்டையைத் திரும்பச் செய்யலாமா என்று கேட்டான்.

"எதுக்கு?" என்றாள் நேசபாய். "கண்ணாடில நான் தெனமும் பாக்கது இவளத்தானே. எனக்கு இவளத் தெரியும்."

அதோடு அந்தப் பேச்சு முடிந்தது. பொட்டலங்கள் கொட்டாரத்துக்கும் போயின, நாகர்கோவிலுக்கும் போயின. பல் எந்தப் பக்கம் என்று யாரும் பார்க்கவில்லை. தெத்துப்பல் இருக்கிறதா என்று பார்த்தார்கள், வாங்கினார்கள்.

கொட்டாரத்தில் ராஜையனுக்கு உமி பிடித்துக் கொடுத்தவன் செல்வதாஸ். உமி விற்பதைவிடப் பொடி விற்பதில் வரும்படி அதிகம் என்று அவன் கண்டுபிடித்தான். உமியை எரித்துப் பதம் பார்த்துக்கொண்டிருப்பதைவிட அடுப்புக்கரியோடு செங்கல் தூளைக் கலப்பது சுலபம் என்றும் கண்டுபிடித்தான். மூன்றாவதாக, ராஜையனுடைய பொட்டலம் ஒன்றை எடுத்துக்கொண்டு அதே மாதேவன் ஆசாரியிடம் போய், "இதேபோல ஒரு கட்டை" என்றான். ஆசாரி இந்தத் தடவையும் கண்ணால் கண்டதைக் கண்டபடி செதுக்கினார். அச்சு இந்தத் தடவையும் திரும்பியது. செல்வதாஸின் பொட்டலத்தில் பல் வலது பக்கம் வந்து நின்றது. ஒரு தப்பை இரண்டு தரம் செய்தால் சரியாகிவிடுகிறது.

அடுத்த சந்தையில் சொர்ணம்மாள் என்கிற பால்காரி கன்னத்தைப் பிடித்துக்கொண்டு வந்தாள்.

"ஏட்டி நேசம், நீ பொடியில என்னத்தப் போட்ட? ஈறெல்லாம் ரெத்தம். எனக்க மாமியாருக்கு இருந்ததே நாலு பல்லு, அதுல ஒண்ண நீ எடுத்திட்ட."

"நான் எடுக்கல்ல அக்கா."

"இது யாரு பின்ன, உனக்க தங்கச்சியா?" சொர்ணம்மாள் பொட்டலத்தை எறிந்தாள். "சிரிப்பப் பாரு. ஆளக் கொன்னுட்டு சிரிக்கா."

அன்று அப்படி இன்னும் சிலர் வந்தார்கள். நேசபாய் சந்தையில் அவமானப்பட்டது அதுதான் முதல் தடவை. தன் முகம் தனக்குத் தெரியாமல் எங்கோ போய்ச் செங்கல் விற்றுவிட்டு வந்திருக்கிறது என்பதை அவள் மெல்ல மெல்லத்தான் புரிந்துகொண்டாள்.

ராஜையன் கொட்டாரத்துக்குப் போனான். "மக்கா, இது எனக்க வீட்டுக்காரிக்க மோறையாக்கும்" என்றான்.

"உனக்க வீட்டுக்காரிக்குப் பல்லு எந்தப் பக்கம்லே?" என்று கேட்டான் செல்வதாஸ். "உனக்க பொட்டலத்தில எடத்தப் பக்கம். எனக்கதில வலத்தப் பக்கம். ரெண்டும் ரெண்டு பொம்பள. வெறுதே சண்டைக்கு வராத."

ராஜையன் வீட்டுக்கு வந்து நேசபாயின் வாயைத் திறக்கச் சொல்லிப் பார்த்தான். வலது பக்கம்தான். தூங்கி எழுந்து மறுபடியும் பார்த்தான்.

கொல்லம் ஆயிரத்து நூற்றேழாம் ஆண்டு ஆவணியில் தக்கலையில் சரக்கு அடையாளக் காப்புக் கச்சேரி திறந்தார்கள். சூப்பிரண்டு தாணுமாலயன் பிள்ளை கழுத்தில் ரோஜா மாலையோடு பேசினார். ராஜையன் பின்வரிசையில் நின்று கேட்டான்.

"ஒரு தேசம் நாகரிகமடைந்திருக்கிறதா என்று எதைக் கொண்டு அறிவது?" என்று சூப்பிரண்டு கேட்டார். "அதன் சரக்கைக் கொண்டா? இல்லை. சரக்கு காட்டிலும் கிடைக்கிறது. தேன் இருக்கிறது, மிளகு இருக்கிறது, யாராவது அதை நாகரிகம் என்பார்களா? அடையாளம் இருக்கிற இடம்தான் நாகரிகம். முற்காலத்தில் வாங்குகிறவன் விற்கிறவனை முகம் பார்த்துத் தெரிந்துகொள்ள வேண்டியிருந்தது. எவ்வளவு கஷ்டம். இனி ஆளைத் தெரிய வேண்டாம், அடையாளம் போதும். அதை நாங்கள் பார்த்துக்கொள்வோம். எந்த அடையாளமும் இந்தக் கச்சேரியைத் தாண்டாமல் வெளியே போக முடியாது. இந்தக் கச்சேரிக்குள் வந்த எந்த அடையாளமும் சீக்கிரத்தில் வெளியே போகவும் முடியாது."

எல்லோரும் கை தட்டினார்கள். ராஜையனும் தட்டினான். கடைசி வாக்கியம் சரியாகத்தான் காதில் விழுந்ததா என்று பிறகு யோசித்தான்.

கச்சேரியில் மனு வாங்குகிறவன் யூஜின் என்கிற குமாஸ்தா. கெட்டவனல்ல, களைத்தவன்.

"பற்பொடி எந்த இனம் வேய்?" என்று கேட்டான். "வாயில போடுததுனால ஆகாரம். துப்புததுனால ஆகாரமில்ல. கரின்னு வச்சா காட்டிலாகாவுக்க சம்மதம் வேணும். உமின்னா நிலவரிக்காரனக் கேக்கணும். சாம்பல்னு எழுதினா அது விபூதி இனத்துக்குப் போயிரும், அப்புறம் திரும்பி வராது."

"சாம்பல் ஆவதுக்கு முந்தி அணைச்சிருவேன் சார்."

"எவ்வளவு முந்தி?"

ராஜையன் உண்மையிலேயே யோசித்தான். யூஜின் அவனைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, இனம் என்ற இடத்தில் 'இதர கறுப்புப் பொருள்கள்' என்று எழுதிக்கொண்டான்.

அடுத்தது சூப்பிரண்டின் பரிசோதனை. அவர் பொட்டலத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். பொடியை முகரவில்லை, தொடவில்லை. படத்தை மட்டும் பார்த்தார்.

"இது பல்" என்றார்.

"ஆமா எஜமானே."

"பற்பொடிக்குப் பல்லையே சின்னமாகப் போடக் கூடாது. சின்னம் சரக்கின் குணத்தைச் சொல்லக் கூடாதென்பது விதி. அரிசி விற்கிறவன் அரிசிப் படம் போட்டால் மற்ற அரிசிக்காரன் எங்கே போவான்?"

"இது சாதாப் பல்லு இல்ல எஜமானே, தெத்துப்பல்லு."

"அது அதைவிட மோசம். பற்பொடிக்குக் கோணல் பல்லைப் போட்டால் சரக்கைப் பற்றிப் பொய் சொல்வதாகிறது. நேரான பல் என்றால் உண்மை சொன்ன குற்றம். கோணல் பல் என்றால் பொய் சொன்ன குற்றம்."

"அப்போ எந்தப் பல்லப் போடணும்?"

"அதைச் சொல்வது எங்கள் வேலை இல்லை. மறுப்பதுதான் எங்கள் வேலை" என்றார் சூப்பிரண்டு. ஆனால் இரக்கமுள்ள மனிதர் ஆனதால் மனுவைத் தள்ளிவிடாமல் ஆட்சேபத்துக்கு வைக்கச் சொன்னார்.

ஆட்சேபத்துக்கு வைப்பதென்றால், மனுவில் உள்ள சின்னத்தைப் பெரிதாக எழுதிக் கச்சேரி வாசலில் தொங்கவிடுவது. அது தங்களுடையது என்று சொல்ல விரும்புகிறவர்கள் யாராயிருந்தாலும் வந்து பார்க்கலாம், பிரதி எடுக்கலாம். பிரதி எடுக்க வசதியாகச் சேவகன் பென்சில் வாடகைக்குக் கொடுத்தான். நேசபாயின் சிரிப்பு வாசலில் தொங்கத் தொடங்கியபின் தக்கலை, திங்கள்சந்தை, சிதறால் பக்கத்துக் கடைகளில் புதிது புதிதாகத் தெத்துப்பல்காரிகள் முளைத்தார்கள். ஒருத்திக்குப் பல் நடுவில் இருந்தது. ஒருத்திக்கு இரண்டு பக்கமும் இருந்தது. ஒருத்திக்கு மீசை போல ஏதோ இருந்தது, அது மை சிந்தினது என்றார்கள்.

ராஜையன் ஓடிப்போய்ச் சூப்பிரண்டிடம் சொன்னான். அவர் முகம் மலர்ந்தது.

"பார்த்தீரா? கச்சேரி வருவதற்கு முன்னால் இந்தத் தாலுகாவில் பற்பொடிக்கு இரண்டு அடையாளம்தான் இருந்தது. இப்போது வாசலில் வரிசை நிற்கிறது. அத்தனை பேரும் மனு கொடுத்திருக்கிறார்கள். இதைத்தான் வர்த்தக அபிவிருத்தி என்பது."

"பொடி ஒண்ணுதான எஜமானே நல்லது."

"நான் பொடியைப் பற்றிப் பேசவில்லையே" என்றார் அவர், ஆச்சரியத்தோடு.

மாசி மாதம் விசாரணை வந்தது. மற்ற மனுக்களெல்லாம் ஒரு பக்கம் ஒதுக்கப்பட்டு, ராஜையன் ஒன்றாம் மனுதாரர், செல்வதாஸ் இரண்டாம் மனுதாரர் என்று நின்றார்கள். நேசபாயும் வர வேண்டும் என்று உத்தரவு. சாட்சி சொல்லக் கூப்பிடுகிறார்கள் என்று நினைத்து அவள் கோயிலுக்கு உடுத்துகிற வெள்ளைச் சேலை உடுத்து வந்தாள்.

"சாட்சியில்ல" என்று யூஜின் தாழ்ந்த குரலில் சொன்னான். "சான்றுப் பொருள். சாட்சின்னா பேசலாம்."

அவள் மணிக்கட்டில் நூலில் ஒரு சீட்டைக் கட்டி, முடிச்சில் அரக்கு வைத்தான். அரக்கு சுட்டது. சான்றுப் பொருள்களை மேஜைமேல் வைப்பதே வழக்கம் என்று சூப்பிரண்டு நினைவூட்டினார். அதைப் பற்றிச் சிறிது நேரம் பேச்சு நடந்து, அவள் மேஜையைத் தொட்டுக்கொண்டு நின்றால் வைத்ததாகவே கொள்ளலாம் என்று முடிவாயிற்று.

"பரிசோதனை முடிகிற வரைக்கும் சிரித்தபடியே நிற்க வேண்டும்" என்றார்.

"சிரிக்கதுக்கு இஞ்ச ஒண்ணும் நடக்கல்லியே."

"சான்றுப் பொருள் பேசக் கூடாது."

நேசபாய் சிரித்தாள். சூப்பிரண்டு இரண்டு பொட்டலத்தையும் அவள் வாயருகே பிடித்து, கண்ணாடியைக் கழற்றியும் மாட்டியும் பார்த்தார். கிட்ட வந்து பார்த்தார், தள்ளிப்போய்ப் பார்த்தார். அடிக்குச்சியால் அளந்தார். அந்தக் காலை முழுவதும் பல்லைத் தவிர வேறெதையும் அவர் பார்க்கவில்லை. மதியம் ஆகும்போது அவளுக்குத் தாடை வலித்தது, கண்ணிலிருந்து தண்ணீர் வந்தது. கண் சின்னத்தில் சேராது என்பதால் அது குறிப்பில் ஏறவில்லை.

"ஒன்றாம் மனுதாரர் படத்தில் பல் இடது பக்கம்" என்றார் கடைசியில். "சான்றுப் பொருளில் வலது பக்கம். இரண்டாம் மனுதாரர் படத்திலும் வலது பக்கம்."

செல்வதாஸ் வேஷ்டியைச் சரிசெய்துகொண்டான்.

ராஜையன் மாதேவன் ஆசாரியைக் கூட்டி வந்திருந்தான். ஆசாரி உள்ளதை உள்ளபடி சொன்னார். இரண்டு கட்டையும் தான் செய்தது, இரண்டும் திரும்பிவிட்டது, செல்வதாஸ் கொண்டுவந்து காட்டியது ராஜையனுடைய பொட்டலம்.

"முதலில் செய்தது எது?"

"எடத்தப் பல்லு எஜமானே."

"அதில் பல் தப்பான பக்கம் விழுந்தது."

"ஆமா."

"பின்னால் செய்ததில் சரியான பக்கம் விழுந்தது."

"விழுந்துபோச்சு எஜமானே."

"ஆக, ஒன்றாம் மனுதாரர் செய்தது பிழை. இரண்டாம் மனுதாரர் செய்தது திருத்தம்" என்றார் சூப்பிரண்டு. "பிழைக்கு உரிமை கேட்க வந்த ஒருவரை என் உத்தியோகத்தில் இன்றுதான் பார்க்கிறேன்."

பிறகு உத்தரவை எழுதச் சொல்லி உரக்கச் சொன்னார். தெத்துப்பல் சின்னம் கொட்டாரம் செல்வதாஸ் பேரில் பதியப்படுகிறது. மேற்படி நேசபாய் என்பவள் அந்தச் சின்னத்தை ஜனங்கள் ஏமாந்துபோகிற அளவுக்கு ஒத்திருக்கிறாள். ஆகவே, பற்பொடி விற்கிற எந்தச் சந்தையிலும் அவள் அந்தச் சின்னத்தைப் பொதுமக்களுக்குக் காட்டக் கூடாது. வீட்டுக்குள், கதவடைத்து, வியாபார நோக்கமில்லாமல் சிரிப்பதற்கு இந்த உத்தரவால் தடையில்லை.

"அவனுக்க பொடியில செங்கல் இருக்கே" என்று சான்றுப் பொருள் பேசியது. "அத யாரு பாப்பா?"

"சரக்கு இந்தக் கச்சேரிக்குச் சம்பந்தமில்லாத விஷயம்" என்றார் சூப்பிரண்டு. அதோடு நில்லாமல், பதிவான பொடியைத் தவிர வேறெதுவும் தம் வாயில் படாது என்றும் சபையறியச் சொன்னார். செல்வதாஸ் அப்போதே ஒரு பெட்டிப் பொட்டலத்தைக் கச்சேரி முத்திரையோடு அவர் மேஜையில் வைத்தான்.

வெளியே வந்ததும் செல்வதாஸ் நேசபாயிடம் மரியாதையாகப் பேசினான். "மைனி, வருத்தப்படாதிய. எனக்க கடையில வந்து இருங்க. வேலை ஒண்ணும் செய்யாண்டாம். சிரிச்சா மதி."

அவள் மணிக்கட்டிலிருந்த அரக்கைப் பிய்த்துக்கொண்டே நடந்தாள்.

வீட்டில் ராஜையன் உத்தரவைத் திரும்பத் திரும்ப யோசித்தான். கச்சேரியில் படித்தவர்கள் இருக்கிறார்கள், அடிக்குச்சி இருக்கிறது. அளந்து சொன்னது தப்பாயிருக்குமா? முதல் நாளே கட்டையைத் திரும்பச் செய்திருந்தால் இது வந்திருக்காது. ஆகவே குற்றம் தன்னுடையதுதான். சந்தைக்குப் போகாவிட்டால் சோறில்லை. போனால் நேசபாய் வாய் திறக்க முடியாது. செல்வதாஸ் கடைக்கு அவளை அனுப்ப முடியாது. ஒவ்வொன்றாகக் கழித்துக்கொண்டே வந்தபோது அவனிடம் ஒரு வழிதான் மிஞ்சியது.

"நேசம்" என்றான். "தப்பா நினைக்காத. அந்தப் பல்லு இல்லேன்னா கேசும் இல்ல. வைத்தியன்ட்ட போனா ஒரு நிமிஷத்தில எடுத்திருவான். சின்னப் பல்லுதானே."

சொல்லி முடித்ததும் சொல்லியிருக்க வேண்டாம் என்று தெரிந்தது. நேசபாய் மீன் கழுவிக்கொண்டிருந்தாள். கையை உதறிவிட்டுத் திரும்பினாள்.

"இஞ்சப் பாருங்கோ. பல்லப் பிடுங்கினா அந்த இடத்தில ஒரு ஓட்டை இருக்கும். அந்த ஓட்டையையும் எவனாவது கொண்டுபோய்ப் பதிஞ்சிருவான். பொறவு எத எடுப்பிய, நாக்கையா?"

அவள் மறுபடியும் மீனைக் கையில் எடுத்தாள்.

"பல்லு எனக்க வாயிலயாக்கும் மொளச்சது. அந்த ஆளுக்க மேசைல இல்ல. இனி இந்தப் பேச்சு இந்த வீட்டில வராண்டாம்."

அடுத்த சந்தைக்கு அவள் சேலைத்தலைப்பால் வாயை மூடிக் கட்டிக்கொண்டு போனாள். காகிதமும் படமும் இல்லாமல் வாழைச்சருகில் பொடியை மடித்து வைத்திருந்தாள். ராஜையன் அவள் பக்கத்தில் உட்கார்ந்தால் அதுவும் ஓர் அடையாளமாகிவிடும் என்று யூஜின் எச்சரித்திருந்ததால், அவன் எதிரே புளியமரத்தடியில் போய் நின்றான். சேவகன் ஒருவன் அவள் சிரிக்கிறாளா என்று பார்க்க வந்தான். அவள் சிரிக்கவில்லை. விற்கவும் இல்லை. இருட்டும் வரை உட்கார்ந்துவிட்டுச் சுமையோடு திரும்பினாள்.

இரண்டாம் சந்தையில் சொர்ணம்மாள் வந்து முன்னால் குந்தினாள். அவளிடம் முத்திரைப் பொட்டலம் ஒன்று இருந்தது.

"இதுல சர்க்கார் முத்திரை இருக்குன்னு வாங்கினேன். ஈறு வீங்கிப்போச்சு. யார்ட்ட போய்க் கேக்கதுக்கு? கச்சேரிக்குப் போனா, சரக்கு எங்களுக்குச் சம்பந்தமில்லங்கான். முத்திரையைப் பிடிச்சு உலுக்கவா முடியும்? உன்னையானா நாலு வார்த்த ஏசலாம்." குனிந்து அவள் முகத்தைப் பார்த்தாள். "நீ நேசந்தானா? ஒண்ணு காட்டு, பாப்போம்."

நேசபாய் சேவகன் நிற்கிற பக்கம் கையால் மறைத்துக்கொண்டு தலைப்பைக் கொஞ்சம் விலக்கினாள். சொர்ணம்மாள் பார்த்தாள், இரண்டு பொட்டலம் வாங்கினாள். அன்றைக்கே செய்தி பரவிவிட்டது. வருகிறவர்கள் குனிவார்கள், தலைப்பு விலகும், மூடும். சேவகனுக்குக் குனிந்த தலைகள்தான் தெரிந்தன. பொதுமக்களுக்குக் காட்டக் கூடாதென்றுதான் உத்தரவு, ஒரு ஆள் பொதுமக்கள் ஆகாது என்றான் யூஜின். அதை அவன் சொன்னது தன் வீட்டுக்குப் பொட்டலம் வாங்கும்போது.

'வாய்மூடிப் பொடி' என்று அதற்குப் பேர் விழுந்தது. பேர் விழுந்த மாதமே சந்தையில் வாய் மூடின பெண்கள் ஒரு வரிசை உட்கார்ந்துவிட்டார்கள். எல்லோர் முன்னாலும் வாழைச்சருகுப் பொட்டலம். வரிசைக் கோடியில் இருந்தவள் செல்வதாஸின் கொழுந்தியாள் தங்கபாய். அவளுடைய சருகுக்குள்ளும் செங்கல்தான். பழகினவர்கள் மட்டும் ஒவ்வொரு தலைப்பாக விலக்கச் சொல்லிப் பார்த்து நேசபாயிடம் வந்து சேர்ந்தார்கள்.

வைகாசியில் ஒருநாள், சந்தை கலைகிற நேரம். ராஜையன் புளியமரத்தடியில் சாக்கை மடித்துக்கொண்டிருந்தான். கம்பளிச் சால்வையால் தலையையும் தாடையையும் சேர்த்துக் கட்டின ஒருவர் குடையோடு வந்து வரிசைக்கு முன்னால் நின்றார். ஒரு கன்னம் பலாச்சுளை மாதிரி உப்பியிருந்தது. நடையைப் பார்த்ததும் ராஜையனுக்கு ஆளைத் தெரிந்துவிட்டது. பதிவான பொடியைத் தவிர வேறெதையும் வாயில் போடாதவர். கூடச் சேவகன் இல்லை.

"ராஜையனுடைய பொடி யாரிடம் இருக்கிறது?" என்றார். வாய் சரியாகத் திறக்காததால் குரல் சால்வைக்குள்ளேயே சுற்றிவிட்டு வந்தது.

"என்ட்டதான் எஜமானே" என்றாள் முதலாமவள்.

"என்ட்ட" என்றாள் அடுத்தவள். வரிசை முழுவதும் அதையே சொன்னது. நேசபாயும் தன் முறை வந்தபோது அதையே சொன்னாள், கூட்டாமல் குறைக்காமல்.

சூப்பிரண்டு ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். தலைப்புக்கு மேலே கண்கள் மட்டும் இருந்தன. ஒரு காலைப்பொழுது முழுவதும் அடிக்குச்சி வைத்து அளந்த பெண் எவள் என்று அவருக்குத் தெரியவில்லை.

"நேசபாய் யார்? பல்லைக் காட்டுங்கள்."

"சிரிக்கப்படாதுன்னு உத்தரவு எஜமானே" என்றாள் தங்கபாய் பணிவாக.

"உத்தரவு எஜமானே" என்றார்கள் மற்றவர்கள். அந்த உத்தரவின்மேல் அவ்வளவு பக்தியை அவர் கச்சேரியில்கூடக் கண்டதில்லை.

"அது ஒருத்திக்குத்தான் போட்டது."

"அது எவள்னு தெரியல்லியே எஜமானே. அதனால எல்லாருமா அனுசரிக்கோம்."

ராஜையனுக்கு மனம் பொறுக்கவில்லை. வீங்கின கன்னத்தைப் பார்க்கப் பாவமாயிருந்தது. நல்ல பொடி எதிரே, ஆறடி தூரத்தில் இருக்கிறது. ஒரு வார்த்தை சொன்னால் போதும். பெரிய மனுஷன், நாளைக்கு உதவினாலும் உதவுவான். சொல்லாமல் நிற்பது குற்றமாகுமோ என்றும் தோன்றியது. ஒரு காலை முன்னால் வைத்தான். அப்போது நேசபாய் அவனைப் பார்த்தாள். மேஜையைத் தொட்டுக்கொண்டு நின்றபோது தண்ணீர் வந்த அதே கண். அன்று அதை யாரும் குறித்துக்கொள்ளவில்லை. ராஜையன் காலைப் பின்னால் எடுத்துச் சாக்கை மடிக்கத் தொடங்கினான்.

சூப்பிரண்டு குடையை ஊன்றிக்கொண்டு வரிசையை இன்னொரு தரம் பார்த்தார். பிறகு, எல்லோரிலும் பணிவாகப் பேசினவளிடம் போய் ஒரு பொட்டலம் வாங்கி, சால்வைக்குள் வைத்துக்கொண்டு, பஸ் நிற்கிற பக்கம் போனார். தங்கபாய் எழுந்து நின்று கும்பிட்டாள்.

அவர் தலை மறைகிற வரைக்கும் நேசபாய் அசையாமல் இருந்தாள். அப்புறம் அவள் தோள் குலுங்கத் தொடங்கியது. தலைப்பை இரண்டு கையாலும் அமுக்கிப் பிடித்தும் நிற்கவில்லை. பக்கத்தில் இருந்தவளுக்கும் தொற்றி, வரிசையோடு போய், கடைசியில் தங்கபாய் வரைக்கும் போயிற்று. ராஜையன் சேவகன் இருக்கிறானா என்று சுற்றிப் பார்க்கவில்லை.

அன்று கடை கட்டி, மீதியைச் சந்தையில் விட்டுவைக்கிற பெட்டியில் போட்டுப் பூட்டிவிட்டு இருவரும் நடந்தார்கள். பத்தடி போனதும் நேசபாய் வழக்கம்போல நின்று காத்தாள். அவன் திரும்பாமல் நடந்துகொண்டிருந்தான்.